பானியோனிஸின் குரல் ஏன் மாறுகிறது?

'சோலாரிஸ்' (1972), 'டெட் சீசன்' (1968) ஆகிய சோவியத் படங்கள் இரண்டிலும் லிதுவேனிய நடிகர் டோனாடஸ் பானியோனிஸின் குரல் வேறு வேறாக இருக்கிறது, பிரதியில் கோளாறா என்று கேட்டிருந்தீர்கள். கோளாறு இல்லை. அவர் பேசும் ரஷ்யனில் லிதுவேனிய வாடை அடிக்கும். அதனால் முன்னதற்கு விளாதிமிர் ஸமான்ஸ்கியும் பின்னதற்கு அலெக்சாந்தர் தெமியானெங்கோவும் குரல் கொடுத்தார்கள். குரலை வைத்து அவரை எடைபோடாதீர்கள். 'சோலாரிஸ்' தொடக்கத்தில் தண்ணீரோரம் பேச்சே இல்லாமல் நிற்கிறாரே, அந்த முகத்தைப் பாருங்கள். எனக்கு அது போதும்!

1941இல் லிதுவேனியாவின் பனெவேஜிஸ் நகர நாடக அரங்கில் இயக்குநர் யுவோசாஸ் மில்டினிஸிடம் சேர்ந்தவர். 1980களில் அதே அரங்கைத் தலைமை ஏற்று நடத்தினார். அங்கே பேசியதெல்லாம் தாய்மொழி.

சொந்தக் குரல் வேண்டுமா? 1966இல் கார்லோவி வாரி திரைப்பட விழாவில் அவருக்கு நடிப்புப் பரிசு வாங்கித் தந்த 'நோபடி வான்டட் டு டை' படத்தை லிதுவேனிய ஒலித்தடத்தில் தேடுங்கள், ரஷ்யத் தடம் வேண்டாம்.