ஹாலிவுட் நடிகை தெல்மா ரிட்டர் ஆறு முறை பரிந்துரைக்கப்பட்டும் ஆஸ்கர் வாங்காதது ஏன்? எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

ஆறுமே துணை நடிகைக்கான பரிந்துரைகள். 1950 முதல் 1953 வரை வெளிவந்த படங்களுக்கு வரிசையாக நான்கு, பிறகு 1959, 1962. ஒருமுறைகூடக் கிடைக்கவில்லை. காரணம் கேட்டால், என் கணிப்பு இதுதான்: அவர் நடிப்பது போலவே தெரியாது. பக்கத்து வீட்டு அம்மா தவறிப்போய்ப் படத்துக்குள் வந்துவிட்டது போலிருக்கும். அதற்கு யார் விருது கொடுப்பார்கள்!

புரூக்ளினில் 1902இல் பிறந்தவர். நாடகம், வானொலி என்று இருந்துவிட்டு, சினிமாவுக்கு வந்தது 45 வயதில். 'மிராக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்' படத்தில், மகன் கேட்ட பொம்மை எங்கும் கிடைக்காமல் கால் ஓய்ந்துபோன தாய். பெயர்ப்பட்டியலில்கூட அவர் பெயர் இல்லை.

'ஆல் அபௌட் ஈவ்' படத்தில், ஒரு பிரபல நாடக நடிகையிடம் ரசிகையாக வந்து ஒட்டிக்கொள்ளும் ஈவ்மீது முதலில் சந்தேகப்படுவது, இவர் நடித்த, அந்த நடிகையின் உதவியாளர் பேர்டிதான். பாதிக்குமேல் அவரைக் காணோம். எனக்கு அது இன்னும் குறைதான். 'ரியர் விண்டோ'வின் வாயாடி நர்ஸ் ஸ்டெல்லாவைப் பலருக்கும் தெரிந்திருக்கும்.

ஆனால் தொடங்க வேண்டியது 1953இன் 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்'. டை விற்றுக்கொண்டே போலீசுக்குத் துப்புக் கொடுக்கும் மோ என்ற கிழவி. அநாதைப் பிணமாகப் புதைபடக் கூடாதென்று கல்லறைக்குக் காசு சேர்க்கிறாள். களைத்துப்போய்ப் படுக்கையில் கிடந்தபடி, துப்பாக்கியோடு வந்தவனிடம் அவள் பேசும் காட்சியைப் பாருங்கள். அழுகை, கத்தல் எதுவும் இல்லை. வெறும் அலுப்பு.

விருதே வாங்காதவர் என்றும் சொல்ல முடியாது. 1958இல் 'நியூ கேர்ள் இன் டவுன்' இசை நாடகத்துக்காக, அமெரிக்க நாடக உலகின் பெரிய விருதான டோனி விருது வாங்கினார், அதுவும் உடன் நடித்த க்வென் வெர்டனோடு பகிர்ந்து.