செஞ்சோற்றுக்கடனும் இருபத்தாறு மார்ஷல்களும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நெப்போலியனைப் பற்றிய உங்கள் கட்டுரையை வாசித்தேன். 1814 ஏப்ரலில் ஃபோந்தென்புளோ அரண்மனையில் பிரெஞ்சுப் படையின் உயர்தளபதிகளான மார்ஷல்கள் தங்கள் பேரரசரிடமே சென்று பதவி விலகச் சொன்ன காட்சி மனத்தை விட்டு அகலவில்லை. சத்திரக்காரரின் மகனை அரசனாகவும் பீப்பாய் செய்பவரின் மகனைப் பிரபுவாகவும் உயர்த்தியவர் அவர். அவர் தோற்றதும் கைவிட்டுவிட்டார்கள். செஞ்சோற்றுக்கடன் கழிக்க ஒரு கும்பகர்ணன்கூட அந்தக் கூட்டத்தில் இல்லையா? எல்லோரும் வீடணர்கள்தானா? இவர்களை மாவீரர்கள் என்று இன்னும் போற்றுவது சரியா?

க., மதுரை

அன்புள்ள க.,

அந்தக் காட்சியை முதன்முதலில் வாசித்தபோது நானும் உங்களைப் போலவே கொதித்தேன். இந்த மனிதர்களின் வாழ்க்கையைப் பல ஆண்டுகள் தொடர்ந்து வாசித்த பிறகு என் எண்ணம் மாறியிருக்கிறது.

நெப்போலியன் 1804 மே 19 அன்று பதினெட்டுப் பேரை மார்ஷல்களாக அறிவித்தார். 1815க்குள் அந்த எண்ணிக்கை இருபத்தாறு ஆயிற்று. 1814 ஏப்ரலில் அவர்களில் சிலர் உயிரோடு இல்லை. லான் 1809இல் வியன்னாவுக்கருகே குண்டடிபட்டுக் கால் துண்டிக்கப்பட்டு இறந்தார். பெஸியேர் 1813இல் போர்க்களத்தில் மாண்டார். போலந்துக்காரரான பொனியாடோவ்ஸ்கி மார்ஷல் ஆன மூன்றாம் நாளே லைப்சிக்கில் ஆற்றில் மூழ்கினார். எஞ்சியவர்களில் பெரும்பாலோர் 1792 முதல் இடைவிடாமல் போரிட்டவர்கள். மார்ச் 31 அன்று பகைவர்கள் பாரிசுக்குள் நுழைந்துவிட்டார்கள். நெப்போலியனோ மிச்சமிருந்த படையோடு பாரிஸ் மீது பாய விரும்பினார். தங்கள் சொந்தத் தலைநகரின் தெருக்களில், தங்கள் மனைவி மக்கள் இருக்கும் ஊரில், அந்தப் போர் நடந்திருக்கும். அவர்களுடைய மறுப்பில் தன்னலமும் கலந்திருந்தது என்பதை நான் மறைக்கவில்லை. ஜெர்மனியிலும் போலந்திலும் பேரரசர் அளித்த நிலங்களின் வருமானம் தோல்வியோடு போய்விட்டது, பிரான்சில் இருந்ததையாவது காப்பாற்றிக்கொள்ள நினைத்தார்கள். ஆனாலும் ஏப்ரல் 4 அன்று நே, லெஃபெவ்ர், மொன்சே ஆகியோர் பேரரசரின் அறைக்குள் சென்று, அவருடைய முகத்துக்கு நேரே நின்று, படை பாரிசுக்குப் புறப்படாது என்று சொன்னதைத் துரோகம் என்று என்னால் கருத முடியவில்லை.

துரோகம் அன்றிரவு வேறோர் இடத்தில் நடந்தது. மார்ஷல் மார்மோன் பேரரசருக்குத் தெரியாமல் ஆஸ்திரியத் தளபதியோடு பேசி முடித்திருந்தார். பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட வீரர்களைக் கொண்ட அவருடைய படைப்பிரிவு, எங்கே போகிறோம் என்று அறியாமலேயே இருளில் எதிரிகளின் அணிகளுக்குள் நடத்திச் செல்லப்பட்டது. மகனுக்கு அரியணையைப் பெற்றுத்தர நெப்போலியனிடம் இருந்த கடைசிப் பிடிமானமும் அத்தோடு போயிற்று. மார்மோனின் பட்டம் ரகூசா பிரபு; பாரிஸ் மக்கள் அந்தப் பட்டத்திலிருந்தே காட்டிக்கொடுத்தல் என்ற பொருளில் ஒரு வினைச்சொல்லை உருவாக்கிக்கொண்டார்கள். அவரை வீடணனோடு ஒப்பிடக்கூட எனக்கு மனம் வரவில்லை. வீடணன் அண்ணனுக்கு முன்னால் நின்று சொல்லிப் பார்த்துவிட்டுத்தான் போனான்.

நீங்கள் குறிப்பிட்ட பீப்பாய் செய்பவரின் மகன் மிஷேல் நே. 1812 நவம்பர் 18 அன்று, ரஷ்யாவிலிருந்து பின்வாங்கும் படையின் கடைசிப் பிரிவோடு வந்த அவருடைய வழியைக் கிராஸ்னோய்க்கருகே ரஷ்யர்கள் முற்றிலுமாக அடைத்துவிட்டார்கள். இரவில் அவர் வடக்கே திரும்பினார். உறைந்து கிடந்த ஓர் ஓடையின் பனிக்கட்டியை உடைக்கச் சொல்லி, அடியில் நீர் எந்தத் திசையில் ஓடுகிறது என்று பார்த்தார்; அது எப்படியும் நீப்பர் ஆற்றில்தான் போய்ச் சேரும் என்று கணித்து அதன் கரையோடே வீரர்களை நடத்தினார். ஆற்றின் பனிப்படலம் மெல்லியதாக இருந்ததால் இடைவெளி விட்டு ஒருவர் பின் ஒருவராகக் கடந்தார்கள். பீரங்கிகளும் வண்டிகளும் அவற்றில் கிடந்த காயம்பட்டவர்களும் இக்கரையிலேயே கைவிடப்பட்டார்கள். ஏறத்தாழ ஆறாயிரம் பேரில் ஓர்ஷாவில் பேரரசரிடம் வந்து சேர்ந்தவர்கள் ஆயிரத்துக்கும் குறைவு.

நெப்போலியன் பதவி விலகி எல்பா தீவுக்கு அனுப்பப்பட்ட பிறகு பதினெட்டாம் லூயி பிரான்சின் மன்னரானார். அதே நே, 1815 மார்ச்சில் தீவிலிருந்து திரும்பி வந்த நெப்போலியனை இரும்புக்கூண்டில் அடைத்துக் கொண்டுவருவதாக மன்னர் பதினெட்டாம் லூயியிடம் வாக்களித்துப் புறப்பட்டார். சில நாட்களிலேயே படையோடு நெப்போலியன் பக்கம் சேர்ந்தார். அவர் உறுதியான அரசியல் மனிதர் அல்லர் என்பதை ஒப்புக்கொள்கிறேன். வாட்டர்லூ போரில் நெப்போலியன் தோற்ற பிறகு மன்னரின் அரசு அவரைக் கைதுசெய்தபோதுதான் மற்ற மார்ஷல்களுக்கு உண்மையான சோதனை வந்தது. நீங்கள் தேடும் விசுவாசத்தை ஃபோந்தென்புளோவைவிட இங்கே தேடிப் பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

முதலில் கூடிய ராணுவ நீதிமன்றத்தில் ஜூர்தான், மஸேனா, ஒஜெரோ, மோர்த்தியே என்னும் நான்கு மார்ஷல்கள் அமர்ந்தார்கள். நே நாடாளுமன்றத்தின் மேலவையான பிரபுக்கள் சபையின் உறுப்பினர் என்பதால் அந்தச் சபையே தம்மை விசாரிக்க வேண்டும் என்று அவருடைய வழக்கறிஞர்கள் வாதிட்டார்கள். தங்களுக்கு அதிகாரம் இல்லை என்று நீதிமன்றமும் பெரும்பான்மையால் முடிவுசெய்து கலைந்தது. நே தரப்பு செய்த மிகப் பெரிய பிழை இது என்பது என் கருத்து. அவரோடு சேற்றிலும் பனியிலும் கிடந்தவர்கள் கையால் அவருக்கு மரணதண்டனை எழுதியிருக்க மாட்டார்கள். ஆனால் கை கழுவிக்கொள்ள ஒரு வழி கிடைத்ததும் நிம்மதியாக அதைப் பிடித்துக்கொண்டார்கள். பிரபுக்கள் சபையில் விக்தோர், கெல்லர்மான், ஸெரூரியே, பெரிஞோன், மார்மோன் ஆகிய ஐந்து மார்ஷல்கள் மரணதண்டனைக்கு வாக்களித்தார்கள். அரசின் சினத்துக்கு ஏற்கெனவே ஆளாகியிருந்த மார்ஷல் தவூ மட்டும் நேவுக்குச் சாதகமாகச் சாட்சி சொன்னார்.

டிசம்பர் 7 காலையில் தீர்ப்பை வாசிக்க வந்த அதிகாரி நேயின் பட்டங்களை ஒவ்வொன்றாகச் சொல்லத் தொடங்கியபோது, மிஷேல் நே என்று சொன்னால் போதும், விரைவில் ஒரு பிடி மண் என்று அவர் இடைமறித்தார். கண்ணைக் கட்டிக்கொள்ள மறுத்து, லுக்ஸம்பூர்க் தோட்டத்துக்கருகே சுடப்பட்டார். அப்போது அவருக்கு வயது 46.

அந்த ராணுவ நீதிமன்றத்துக்குத் தலைமை தாங்கும்படி மன்னர் முதலில் ஆணையிட்டது மூத்த மார்ஷலான மொன்சேக்கு. பெரிய வெற்றி எதுவும் அவர் பெயரில் இல்லை. பலகாலம் காவல்படையை மேற்பார்த்தவர். 1814இல் பாரிசின் கிளிஷி வாசலை நகரக் காவல் படையினரோடு காத்து நின்றவர். ஐந்து நாள் கழித்து நேயோடு ஃபோந்தென்புளோ அறைக்குள் சென்றவரும் அவரே. அறுபத்தொரு வயதில், கையெழுத்திட்டுவிட்டுத் தப்பித்துக்கொள்ளும் வசதி இருந்தும், அந்தப் பதவியை ஏற்க முடியாது என்று மன்னருக்கு எழுதினார். அதற்காக அவருடைய பதவி பறிக்கப்பட்டது; ஹாம் கோட்டையில் மூன்று மாதம் சிறைவைக்கப்பட்டார். தோழனின் கழுத்துக்குக் கயிறு திரிக்க மறுத்ததற்கு அவர் கொடுத்த விலை அது. மார்ஷல்களில் எவர் வீரர் என்று என்னைக் கேட்டால், நீப்பர் ஆற்றங்கரையில் நின்ற நேக்கு அடுத்து இவரைத்தான் சொல்வேன்.

1840 டிசம்பர் 15 அன்று செயின்ட் ஹெலினாவிலிருந்து நெப்போலியனின் உடல் பாரிஸ் இன்வாலிட் மாளிகைக்குக் கொண்டுவரப்பட்டபோது, போரில் முடமான வீரர்கள் வாழ்ந்த அந்த மாளிகையின் ஆளுநராக இருந்தவர் மொன்சே. எண்பத்தாறு வயது, நடக்க முடியாது. சடங்கு முடியும்வரை நாற்காலியில் அமர்ந்திருந்தவர், இனி வீட்டுக்குப் போய்ச் சாகலாம் என்றார். 1842 ஏப்ரலில் இறந்தார். அவரையும் இன்வாலிடிலேயே அடக்கம் செய்தார்கள்.