ஆள்குறைப்பு அறிவிப்பில் அதிகாரத்தை எங்கே தேடுவது?

ஒரு நிறுவனத்தின் ஆள்குறைப்பு அறிவிப்பை அரிஸ்டாட்டில் சொன்ன மூன்று இணங்கவைக்கும் வழிகளில் (பேசுபவரின் நம்பகம், உணர்ச்சி, தர்க்கம்) பிரித்துக் கொடுத்தும், "இதில் அதிகாரம் எங்கே?" என்று உங்கள் ஆய்வு வழிகாட்டி திருப்பி அனுப்பிவிட்டார் என்கிறீர்கள். அவர் கேட்பது நியாயம்தான்.

நீங்கள் ஒட்டியிருக்கும் வரியையே பாருங்கள்: "சில பணியிடங்கள் நீக்கப்பட்டுள்ளன. நாம் ஒரே குடும்பம்." நீக்கியது யார்? செயப்பாட்டுவினை அந்த ஆளை மறைத்துவிட்டது. அடுத்து, "நாங்கள்" அல்ல, "நாம்". வேலை போனவரையும் முடிவில் பங்காளியாக்குகிற சொல். குடும்பம் என்றதும் கணக்குக் கேட்பதே மரியாதைக் குறைவாகிவிடுகிறது. பண்பாடு அதிகாரமாக வேலை செய்வது அங்கேதான். (எனக்கு அந்தக் 'குடும்பம்' என்ற சொல்லைக் கண்டாலே எரிச்சல்.)

பிறகு, பண்பாட்டு ஆய்வாளர் ஸ்டூவர்ட் ஹால் 1973இல் முன்வைத்த குறியாக்கம் (சொல்பவர் செய்தியில் பொருளைப் பொதிவது), குறிவிலக்கம் (வாசிப்பவர் அதைப் பொருள்கொள்வது) என்ற கருத்தைப் பயன்படுத்துங்கள். வாசிப்பவர் பொருள்கொள்வது மூன்று விதம்: அப்படியே ஏற்பது, பாதி ஏற்பது, எதிர்த்து வாசிப்பது. ஊழியர்கள் நாலு பேரிடம் பேசி, யார் எப்படி வாசித்தார்கள் என்று எழுதுங்கள். அரிஸ்டாட்டிலைத் தூக்கிப்போட வேண்டாம், முதல் பத்திக்கு ஆவார்.