ஓரியோ உருண்டை செய்கிறீர்களா? கேளுங்கள், சொல்கிறேன்

கே: வீட்டில் ஓவன் இல்லை. அளவு மட்டும் சொல்லுங்கள்.

ப: ஓரியோ 300 கிராம், உள்ளே இருக்கும் கிரீமோடு அப்படியே மிக்ஸியில் பொடியுங்கள், கிரீம் சீஸ் 160 கிராம் சேர்த்துப் பிசைந்து உருட்டி, குளிர வைத்து, உருக்கிய சாக்லேட்டில் முக்கி எடுங்கள், அவ்வளவுதான். கிரீம் சீஸ் விலை கட்டுப்படி ஆகாதென்றால் கண்டன்ஸ்டு மில்க்கை ஸ்பூன் ஸ்பூனாக விட்டுப் பிசையலாம், ஆனால் இனிப்பு தூக்கலாகிவிடும்.

கே: கையில் ஒட்டுகிறதே?

ப: அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். உடனே இன்னும் பிஸ்கட்டைக் கொட்டாதீர்கள், வறண்டுவிடும்.

கே: சாக்லேட் நன்றாக உருகிக்கொண்டே வந்து திடீரென்று மணல் மாதிரி திரண்டுவிட்டது. கொஞ்சம் பால் விட்டால் சரியாகுமா?

ப: ஐயோ, வேண்டாம். எங்கிருந்தோ ஈரம் பட்டிருக்கிறது, ஈரக் கரண்டியோ, அடியில் கொதிக்கிற தண்ணீரின் ஆவியோ. சாக்லேட்டில் இருக்கும் சர்க்கரையும் கோகோ தூளும் அந்தச் சில துளிகளைப் பிடித்துக்கொண்டு ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன. இனி அது முக்குவதற்கு ஆகாது, சூடான பாலை நிறையவே ஊற்றிக் கலக்கி ஐஸ்கிரீம் மேல் விடுகிற சாஸாக வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த முறை தண்ணீர் கொதித்ததும் அடுப்பை அணைத்துவிட்டு, அதன் மேல் பாத்திரத்தின் அடி தண்ணீரில் படாமல் வைத்து உருக்குங்கள். இளக்க வேண்டுமென்றால் ஒரு ஸ்பூன் எண்ணெய் விடலாம், வெண்ணெய் கூடாது, அதிலும் தண்ணீர் உண்டு.

கே: முக்கி வைத்தால் மேலே விரிசல் விடுகிறது.

ப: ஃப்ரீசரிலிருந்து எடுத்த கையோடு முக்கினீர்களா? சாக்லேட் சட்டென்று இறுகிவிடும், உள்ளே உருண்டை குளிர் விட்டு விரியும், ஓடு தாங்காது. பத்து நிமிடம் வெளியே வைத்து, மேலே முத்து முத்தாக ஈரம் இருந்தால் ஒற்றி எடுத்துவிட்டு முக்குங்கள்.

கே: முக்குவதற்கு காம்பவுண்ட் சாக்லேட்டா, அசல் சாக்லேட்டா?

ப: ருசிக்கு அசல்தான், சந்தேகமே இல்லை. ஆனால் டார்க் சாக்லேட் என்றால் 45 டிகிரிக்கு மேல் உருக்கி, 27, 28 டிகிரிக்கு இறக்கி, திரும்ப 31 டிகிரிக்குக் கொண்டுவர வேண்டும், இல்லையென்றால் பளபளப்பு வராது, வெள்ளைப் படலம் விழும் (பூஞ்சை அல்ல, பயப்படாமல் சாப்பிடலாம்). சென்னை மே மாதத்தில், ஏசி இல்லாத சமையலறையில் இந்த வேலையே வேண்டாம். காம்பவுண்டில் கோகோ வெண்ணெய்க்குப் பதில் தாவரக் கொழுப்பு, உருக்கி முக்கினால் போதும்.

கே: வெளியூரில் இருக்கும் மகனுக்குக் கூரியரில் அனுப்பலாமா?

ப: கிரீம் சீஸ் போட்டதை அனுப்பவே கூடாது, அது ஃப்ரிட்ஜில் இருக்க வேண்டிய பண்டம், நாலைந்து நாளில் தீர்த்துவிடுங்கள்.