ஹிஸ்டரீசிஸ் என்னும் சொல்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

ஹிஸ்டரீசிஸ் என்ற சொல்லைப் பற்றிச் சில மாதங்களாக வந்து சேர்ந்த கேள்விகளில் எட்டைத் தேர்ந்து இங்கே பதில் தருகிறேன். மின்மாற்றி, ஸ்டெபிலைசர், டயர், நெல், வேலையின்மை என்று ஒன்றோடொன்று ஒட்டாத இடங்களிலிருந்து அவை வந்திருந்தாலும், பலவற்றின் அடியில் இருப்பது ஒரே குழப்பம்தான். அதை முதல் கேள்வியே நேராகத் தொட்டுவிட்டதால் அதற்குச் சற்று நீளமாகவே விடை எழுதியிருக்கிறேன்.

கேள்வி: பள்ளிப் பாடநூலில் இதைக் 'காந்தத் தயக்கம்' என்று படித்தோம். தயக்கம் என்றால் தாமதம்தானே? காந்தப்புலம் மாறிய பிறகு இரும்பு சற்றுத் தாமதமாக மாறுகிறது என்று புரிந்துகொண்டால் போதுமா?

போதாது, தேர்வில் மதிப்பெண் கிடைத்துவிடும், ஆனால் பொருள் தவறிவிடும். இந்தத் தவறுக்கு மாணவர்கள் பொறுப்பல்லர், சொல்லே அப்படித்தான் பிறந்தது. ஸ்காட்லாந்தைச் சேர்ந்த ஜேம்ஸ் ஆல்ஃபிரட் யூவிங் 1878 முதல் 1883 வரை டோக்கியோவில் பேராசிரியராக இருந்தார். உலோகக் கம்பிகளை வைத்து அங்கே அவர் செய்த சோதனைகளின்போது, விளைவு எப்போதும் காரணத்துக்குப் பின்னால் இழுபடுவதைக் கண்டு, 'பின்தங்குதல்', 'குறைபடுதல்' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து 1881இல் இந்தப் பெயரை உருவாக்கினார். தமிழில் தயக்கம் என்று வைத்தவர்களும் அந்தக் கிரேக்கப் பொருளுக்கு நியாயமாகவே நடந்துகொண்டிருக்கிறார்கள்.

இப்போது சோதனையைப் பாருங்கள். இரும்புத் துண்டின்மேல் சுற்றிய கம்பிச்சுருளில் மின்னோட்டத்தைப் படிப்படியாகக் கூட்டி, இரும்பு தெவிட்டும் வரை, அதாவது அதற்குமேல் காந்தமேற முடியாத அளவு வரை, காந்தமாக்குகிறோம். பிறகு மின்னோட்டத்தைச் சுழிக்குக் கொண்டுவந்தால் இரும்பின் காந்தம் சுழிக்கு வருவதில்லை, ஒரு பகுதி தங்கிவிடுகிறது. அதை நீக்க வேண்டுமானால் எதிர்த்திசையில் ஒரு குறிப்பிட்ட அளவு புலத்தைச் செலுத்த வேண்டும். தாமதம்தான் காரணம் என்றால், மின்னோட்டத்தை நிறுத்திவிட்டுப் பத்து நிமிடமோ பத்து மணி நேரமோ காத்திருந்தால் காந்தம் தானாக இறங்கியிருக்க வேண்டும். அது அப்படியே நிற்கிறது.

ஆகவே வரையறை இதுதான்: ஒரு பொருளின் இப்போதைய நிலை, அதன்மேல் இப்போது செயல்படும் காரணியின் அளவை மட்டும் பொறுத்திராமல், அந்தக் காரணி ஏறி வந்து இந்த அளவை அடைந்ததா, இறங்கி வந்து அடைந்ததா என்பதையும் பொறுத்திருந்தால், அங்கே ஹிஸ்டரீசிஸ் இருக்கிறது. ஐயம் வந்தால் மாற்றத்தை மிக மிக மெதுவாகச் செய்து பாருங்கள். ஏறும் பாதையும் இறங்கும் பாதையும் ஒன்றாக ஒட்டிக்கொண்டால் நீங்கள் முன்னர் கண்டது வெறும் தாமதம். எவ்வளவு மெதுவாகச் செய்தாலும் இரண்டுக்கும் நடுவே இடைவெளி நிற்குமானால் அதுவே ஹிஸ்டரீசிஸ்.

கேள்வி: ஹிஸ்டீரியா என்ற நோய்ப்பெயருக்கும் இதற்கும் உறவு உண்டா?

நேரான உறவு இல்லை. அது கருப்பையைக் குறிக்கும் 'ஹிஸ்டெரா' என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. இது 'பின்னால் வருவது' என்னும் பொருளுள்ள 'ஹிஸ்டெரோஸ்' வழியாக வந்தது. உச்சரிக்கும்போது அழுத்தம் 'ரீ' என்ற அசையில் விழ வேண்டும். பெயரடை 'ஹிஸ்டரெடிக்'. அதற்குப் பதில் 'ஹிஸ்டெரிக்கல்' என்று எழுதப்பட்ட ஆய்வேடு ஒன்றைத் திருத்த நேர்ந்தது. உணர்ச்சிவசப்பட்டு அலறும் மின்மாற்றி ஒன்று அதில் பக்கந்தோறும் நின்றுகொண்டிருந்தது.

கேள்வி: வீட்டு ஸ்டெபிலைசரை வாங்கும்போது கடைக்காரர், 'இதில் ஹிஸ்டரீசிஸ் இருக்கிறது, ரிலே சீக்கிரம் கெடாது' என்றார். ஏ.சி. உடனே ஓடாமல் சில நிமிடம் காத்திருப்பதைத்தான் சொன்னாரா?

இல்லை, அவை இரண்டும் வெவ்வேறு. ஆனாலும் உங்கள் கேள்வி எனக்கு மிகவும் பிடித்தது, ஏனென்றால் முதல் பதிலில் சொன்ன வேறுபாட்டின் இரு பக்கங்களும் ஒரே பெட்டிக்குள் இருக்கின்றன.

மின்னழுத்தம் 200 வோல்ட்டுக்குக் கீழே போனால் ரிலே என்னும் மின்விசை சுருளின் வேறு டேப்புக்கு (இணைப்புமுனைக்கு) மாற வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். கோடை மாலையில் தெருவெங்கும் ஏ.சி. ஓடும் நேரத்தில் அழுத்தம் 199, 201, 199 என்று ஊசலாடிக்கொண்டிருக்கும். மாறுவதும் திரும்புவதும் அதே 200இல் என்றால் ரிலே 'டக் டக்' என்று விடாமல் அடித்துக்கொண்டே இருக்கும், அதன் தொடுமுனைகள் தீப்பொறியில் கருகிப்போகும். இதைத் தவிர்க்க, 195க்கு இறங்கினால்தான் மாறு, 205க்கு ஏறினால்தான் திரும்பு என்று இரண்டு எல்லைகளை வைக்கிறார்கள். இடைப்பட்ட 200 வோல்ட்டில் ரிலே எந்த நிலையில் இருக்கும் என்று கேட்டால், அழுத்தம் மேலிருந்து வந்ததா, கீழிருந்து வந்ததா என்று தெரியாமல் விடை சொல்ல முடியாது. கடைக்காரர் சொன்னது இந்த 10 வோல்ட் இடைவெளியை. ஃபிரிட்ஜின் தெர்மோஸ்டாட் ஒரு வெப்பநிலையில் கம்பிரசரை ஓட்டி, அதைவிடக் குறைந்த இன்னொன்றில் நிறுத்துவதும் இதே ஏற்பாடுதான்.

ஏ.சி. காத்திருப்பதோ உண்மையான தாமதம். நின்ற கம்பிரசரின் இருபுறமும் வாயு அழுத்தம் சமனாவதற்கு நேரம் தருவதற்காகச் சுமார் 3 நிமிடக் கடிகாரம் ஒன்று ஓடுகிறது. அந்தக் கடிகாரத்துக்கு மின்னழுத்தம் எந்த வழியாக வந்தது என்பதைப் பற்றிக் கவலையில்லை.

இப்படி இரண்டு எல்லைகள் கொண்ட மின்சுற்றுக்கு 'ஷ்மிட் டிரிகர்' என்று பெயர். அமெரிக்கரான ஆட்டோ ஷ்மிட் கணவாயின் நரம்புத் துடிப்புகளை ஆராய்ந்துகொண்டிருந்த காலத்தில் அதை உருவாக்கி, 1938இல் கட்டுரையாக வெளியிட்டார். காந்தவியலில் இழப்பாகக் கருதப்படும் ஒன்று, இங்கே வேண்டுமென்றே கட்டி வைக்கப்படுகிறது என்பதைக் கவனியுங்கள்.

கேள்வி: மின்மாற்றியின் ஹிஸ்டரீசிஸ் இழப்பு என்பது நடைமுறையில் எவ்வளவு முக்கியம்? தெருவிலுள்ள மின்மாற்றி 'உம்' என்று ஒலிப்பது இதனால்தானா?

முதல் பாதிக்கு: மிக முக்கியம். காந்தப்புலத்தையும், அதனால் இரும்பில் உண்டாகும் காந்தப்பாய அடர்த்தியையும் வரைபடமாக வரைந்தால் கிடைக்கும் மூடிய கண்ணியின் பரப்பு, ஒவ்வொரு சுற்றிலும் இரும்பின் ஓர் அலகுப் பருமனில் வெப்பமாக வீணாகும் ஆற்றலுக்குச் சமம். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் அந்தக் கண்ணி நொடிக்கு 50 முறை சுற்றப்படுகிறது. இரவில் ஊரே உறங்கி, சுமை ஏதும் இல்லாதபோதும் மின்மாற்றி இணைப்பில் இருக்கும் வரை இது நிற்பதில்லை. உள்ளகத்தின் (சுருள்களுக்குள் உள்ள இரும்பின்) இழப்பு 100 வாட் என்று வைத்தால்கூட ஆண்டுக்கு 876 யூனிட் யாருக்கும் பயன்படாமல் போகிறது.

மின்பொறியாளர் சார்லஸ் ஸ்டைன்மெட்ஸ் 1892இல், இந்த இழப்பு உச்சக் காந்தப்பாய அடர்த்தியின் 1.6 அடுக்கில் கூடுகிறது என்று அளந்து எழுதினார். அது ஓர் அனுபவ விதிதான், எல்லாப் பொருளுக்கும் சரியாக வராது. ஆயினும் அடர்த்தியைப் பாதியாக்கினால் இழப்பு ஏறத்தாழ மூன்றில் ஒன்றாகிறது என்ற கணக்கு வடிவமைப்பாளருக்குப் பெரிய உதவியாக இருந்தது. பிற்பாடு சுமார் 3 விழுக்காடு சிலிக்கான் கலந்த எஃகும், படிகங்கள் ஒரே திசையில் அடுக்கப்பட்ட எஃகும் வந்தன. பின்னதற்கு நார்மன் காஸ் 1934இல் காப்புரிமை பெற்றார். இன்று மின்மாற்றிப் பட்டறைகளில் 'சி.ஆர்.ஜி.ஓ. தகடு' என்று கேட்டு வாங்குவது அந்தப் பரம்பரையைத்தான். மாணவர்கள் தவறவிடும் இடம் ஒன்று உண்டு: உள்ளகத்தை மெல்லிய தகடுகளாக வெட்டி அடுக்குவது சுழல் மின்னோட்ட இழப்பைக் குறைப்பதற்காக. கண்ணியின் பரப்பு தகட்டின் தடிமனால் சுருங்குவதில்லை, உலோகத்தின் தன்மையால்தான் சுருங்குகிறது.

இரண்டாம் பாதிக்கு: அந்த ஒலிக்கு முதன்மைக் காரணம் வேறு. காந்தமாகும்போது இரும்பின் நீளம் நுண்ணிய அளவில் மாறுகிறது. புலம் எந்தத் திசையில் இருந்தாலும் இந்த மாற்றம் ஒரே போக்கில் நிகழ்வதால் ஒரு சுற்றுக்கு இருமுறை தகடுகள் அதிர்கின்றன. ஆகவே அடிப்படை ஒலி 100 ஹெர்ட்ஸில் கேட்கிறது.

கேள்வி: அழுத்தமானி ஒன்றின் சான்றிதழில் 'ஹிஸ்டரீசிஸ் 0.6 விழுக்காடு, முழு அளவுகோலில்' என்று இருக்கிறது. இதை எப்படிப் படிப்பது?

10 பார் வரை அளக்கும் மானி என்று கொள்வோம். அழுத்தத்தைச் சுழியிலிருந்து ஏற்றிக்கொண்டே வந்து சரியாக 5 பாரில் நிறுத்தியபோது முள் 4.97 காட்டியது. 10 வரை ஏற்றிவிட்டு இறக்கிக்கொண்டு வந்து மீண்டும் அதே 5 பாரில் நிறுத்தியபோது 5.03 காட்டியது. வேறுபாடு 0.06 பார், அதாவது முழு அளவான 10 பாரில் 0.6 விழுக்காடு. எல்லாப் புள்ளிகளிலும் இப்படிப் பார்த்து, மிகப் பெரிய வேறுபாட்டைத்தான் சான்றிதழில் குறிப்பார்கள்.

இந்த வேறுபாட்டின் ஒரு பகுதி, மானிக்குள் அழுத்தத்தை உணரும் வளைகுழாயின் உலோகத்திலிருந்தும், இன்னொரு பகுதி பற்சக்கரங்களின் உராய்விலிருந்தும் வருகிறது. கண்ணாடியை விரலால் மெல்லத் தட்டினால் முள் சற்று நகருமானால், அந்த நகர்ந்த பங்கு உராய்வுக்கு உரியது. அளவுதிருத்தம் செய்பவர் ஏறுமுகத்தில் மட்டும் அளந்துவிட்டுச் சான்றிதழ் கொடுத்தால் இந்தப் பிழை கண்ணிலேயே படாது. ஆகவே இறங்குமுக அளவீடுகளும் அட்டவணையில் இருக்கின்றனவா என்று பார்த்து வாங்குங்கள். நடுவில் ஒரு புள்ளியைத் தாண்டிப் போய்விட்டுத் திரும்பி வந்து அளப்பதும் கூடாது, அப்படிச் செய்தால் ஏறுமுகக் கணக்கு கெட்டுவிடும்.

கேள்வி: குறைந்த ஹிஸ்டரீசிஸ் உள்ள டயர் எரிபொருளை மிச்சப்படுத்தும் என்கிறார்கள். அப்படியானால் அது முற்றிலும் இல்லாத ரப்பரையே செய்துவிடலாமே?

செய்தால் ஈரச் சாலையில் வண்டி நிற்காது. டயர் உருளும்போது தரையைத் தொடும் பகுதி நசுங்கி மீள்கிறது. நசுக்கச் செலவான ஆற்றல் முழுவதும் மீளாமல் ஒரு பங்கு வெப்பமாகிறது. உருளும் தடையின் பெரும்பகுதி இதுவே. ஆனால் பிரேக் பிடிக்கும்போது சாலையின் சிறுமேடுகள்மேல் ரப்பர் வழுக்காமல் பற்றிக்கொள்வதற்கும் இதே ஆற்றல் இழப்புதான் தேவைப்படுகிறது. நல்வாய்ப்பாக இரண்டும் வெவ்வேறு அதிர்வெண்களில் நடக்கின்றன. உருள்வது நொடிக்குச் சில பத்து முறை, பற்றுவது அதைவிடப் பல்லாயிரம் மடங்கு வேகமான நுண்ணசைவுகளில். ஒன்றில் இழப்பைக் குறைத்து மற்றொன்றில் விட்டுவைக்க, கார்பன் கரியின் ஒரு பங்குக்குப் பதிலாகச் சிலிகாவைச் சேர்க்கிறார்கள்.

ரப்பரின் இழப்பு வேகத்தைப் பொறுத்து மாறுவதால், முதல் பதிலில் சொன்ன கண்டிப்பான வரையறைக்குள் இது முழுமையாக அடங்காது. டயர்த் துறையில் சொல் நிலைபெற்றுவிட்டது. அங்கே போய் மல்லுக்கு நிற்பதில் பயனில்லை.

கேள்வி: விதைநெல் சேமிப்பு பற்றிய குறிப்பில் இச்சொல்லைக் கண்டேன். நெல்லுக்கும் இதுவா?

ஆம். காற்றின் ஈரப்பதமும் வெப்பநிலையும் ஒன்றாகவே இருந்தாலும், ஈரமாக இருந்து காய்ந்துவரும் நெல்லில் நிலைபெறும் ஈரம், நன்றாகக் காய்ந்த பின் ஈரத்தை மீண்டும் உறிஞ்சும் நெல்லில் நிலைபெறுவதைவிடக் கூடுதலாக இருக்கும். ஆகவே காற்றின் ஈரத்தைக் கொண்டு நெல்லின் ஈரத்தை மதிப்பிடும் அட்டவணை எதையும், அது உலர்த்தும்போது எடுத்ததா, நனையும்போது எடுத்ததா என்று பார்த்த பிறகே பயன்படுத்த வேண்டும்.

கேள்வி: பொருளியல் மாணவி நான். வேலையின்மைக்கு இச்சொல்லைப் பயன்படுத்துவது வெறும் உவமையா?

தொடக்கத்தில் உவமையாக எடுத்தாளப்பட்டது, பிறகு கோட்பாடாக வளர்ந்தது. 1970களின் தொடக்கத்தில் மேற்கு ஐரோப்பாவில் மிகக் குறைவாக இருந்த வேலையின்மை, எண்ணெய் விலை அதிர்ச்சிகளுக்குப் பின் ஏறி, 1980களின் நடுவில் 10 விழுக்காட்டை ஒட்டி நின்றது. அதிர்ச்சி தணிந்த பிறகும் அது பழைய இடத்துக்கு இறங்கவில்லை. பொருளியலாளர்கள் ஒலிவியே பிளான்ஷாரும் லாரன்ஸ் சம்மர்ஸும் 1986இல் இதற்கு ஹிஸ்டரீசிஸ் என்று பெயரிட்டு விளக்கம் தேடினார்கள். வேலையில் இருப்பவர்கள் தங்கள் நலனை முன்வைத்தே ஊதியம் பேசுவதால் வெளியே இருப்பவர்கள் உள்ளே வர முடியாமல் போகிறது. நெடுநாள் வேலையின்றி இருப்பவர்களின் திறனும் தேய்கிறது. இவற்றால் பொருளாதாரத்தின் ஒரு தற்காலிகச் சரிவு வேலையின்மையின் நிரந்தர உயர்வாக உறைந்துவிடுகிறது என்பது வாதம்.

பொருளியல் கட்டுரைகளில், மீள்வதற்குக் காலம் பிடிக்கும் எதையும் இச்சொல்லால் குறித்துவிடும் வழக்கம் உண்டு. அதைச் சில கணிதக் கோட்பாட்டாளர்கள் ஆட்சேபித்திருக்கிறார்கள், அந்த ஆட்சேபம் நியாயமானது என்றே நான் கருதுகிறேன். உங்கள் கட்டுரையில் இச்சொல்லை வைக்கும் முன், காரணம் முழுவதும் விலகிப் போதிய ஆண்டுகள் கழிந்த பின்னும் வேலையின்மை பழைய அளவுக்கு வரவில்லை என்று உங்கள் தரவு காட்டுகிறதா என்று பாருங்கள். மெதுவாக இறங்கிக்கொண்டிருப்பதை மட்டுமே அது காட்டினால், 'மந்தமான மீட்சி' என்று எழுதுவதே சரி.