நிலத்தின் கார்பன் கணக்கு: கேள்வி பதில்

கே: காடு அழிந்தால் கார்பன் உமிழ்வு, வளர்ந்தால் கார்பன் ஈர்ப்பு. நாடுகள் தங்கள் பசுமைக்குடில் வாயுக் கணக்கில் இதை எழுத ஏன் இத்தனை தடித்த வழிகாட்டி?

ப: இடிப்பது பரப்புக் கணக்கில்தான். ஐ.நா.வின் காலநிலை அறிவியல் குழுவான ஐ.பி.சி.சி.யின் 2006 வழிகாட்டிப்படி நாட்டு நிலம் முழுவதும் காடு, பயிர்நிலம், புல்வெளி, ஈரநிலம், குடியிருப்பு, பிற என்ற ஆறு வகைக்குள் அடங்க வேண்டும். ஒரு ஹெக்டேர்கூட விடுபடக் கூடாது, இரண்டு இடத்தில் வரவும் கூடாது. ஆறின் கூட்டுத்தொகை ஆண்டுதோறும் ஒன்றாகவே இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

கே: சார், ஒரு ஹெக்டேர் காட்டை வயலாக்கினால் எவ்வளவு? ஒரு கணக்குப் போட்டுக் காட்டுங்களேன்.

ப: தரைக்கு மேல் உலர் எடை 120 டன் என்று வைத்துக்கொள்வோம். வேருக்கு அதில் கால் பங்கு, 30 டன். மொத்தம் 150. அதில் கார்பன் 0.47 பங்கு: 70.5 டன். கார்பன் டை ஆக்சைடுக்கும் கார்பனுக்கும் உள்ள எடை விகிதமான 44/12 ஆல் பெருக்கினால் 258.5 டன் கார்பன் டை ஆக்சைடு. எளிய முறையில் இது முழுவதும் வெட்டிய ஆண்டிலேயே ஏறும். பட்ட மரம், சருகு, மண் மூன்றுக்கும் தனிக் கணக்கு.

சாதாரண மண்ணில் குறையும் கார்பனை 20 ஆண்டுக்குப் பரப்பி எழுதுவது வழக்கம். அதுவரை அந்த நிலம் ‘காட்டிலிருந்து மாறிய பயிர்நிலம்’ என்ற வரியிலேயே இருக்கும். நீர் தேங்கிய இடத்தில் முழுதும் மட்காத தாவரங்கள் சேர்ந்து உருவான பீட் மண்ணுக்கு இது செல்லாது; வடிகால் வெட்டி நீர் இறங்கியிருக்கும்வரை ஆண்டுதோறும் உமிழும். வெப்பமண்டல எண்ணெய்ப்பனைத் தோட்டத்துக்கு அந்த வழிகாட்டியின் 2013 ஈரநில இணைப்பு தரும் எண் ஹெக்டேருக்கு ஆண்டுக்கு 11 டன் கார்பன், அதாவது சுமார் 40 டன் கார்பன் டை ஆக்சைடு.

உலர் எடைக்குப் பதில் ஈரத்தோடு உள்ள பச்சை எடையைப் போடாதீர்கள். கார்பன் டன்னையும் கார்பன் டை ஆக்சைடு டன்னையும் சேர்த்துக் கூட்டாதீர்கள். பார்க்கிற அறிக்கைகளில் இந்த இரண்டாவது பிழைதான் அதிகம்.

கே: இரண்டு செயற்கைக்கோள் வரைபடங்களைக் கழித்தால் பரப்பு மாற்றம் வந்துவிடாதா?

ப: வராது. வரைபடத்தில் 10 சதவீதம் பிழை இருக்க, உண்மை மாற்றம் 1 சதவீதத்துக்கும் கீழே என்றால் பிழைதான் மாற்றமாகத் தெரியும். மாறியதாகக் காட்டும் இடம், மாறாத இடம் இரண்டிலும் மாதிரிப் புள்ளிகள் எடுத்து, உயர்தெளிவுப் படத்தில் கண்ணால் சரிபார்த்துப் பரப்பைத் திருத்துங்கள்.

வேறொன்றும் உண்டு. இந்திய வன அளவீட்டில் 1 ஹெக்டேருக்குக் குறையாமல் 10 சதவீத விதானம் (மேலிருந்து பார்த்தால் மரத்தலைகள் மூடும் பரப்பு) இருந்தால் பழத்தோட்டமும் காட்டுப் பரப்பில் சேரும். ஏற்கெனவே நின்ற தோப்பு இப்படிப் புதிதாகப் பட்டியலில் ஏறினால் கணக்கில் கார்பன் இருப்பு கூடும். காற்றிலிருந்து ஒரு கிலோகூட இறங்கியிருக்காது. ஒரே பரப்பின் இரு ஆண்டு இருப்பைத்தான் கழிக்க வேண்டும்.

கே: மரத்துகளை எரித்து மின்சாரம் எடுத்தால் உமிழ்வு சுழியம் என்கிறார்களே, இது ஏமாற்று இல்லையா?

ப: விதி ஏமாற்று அல்ல. மரம் வெட்டப்படும்போதே நிலக் கணக்கில் ஏறிவிடுவதால், எரிசக்திக் கணக்கில் அந்தக் கார்பன் டை ஆக்சைடைத் தகவலாக மட்டும் காட்டி, மொத்தத்தில் கூட்டுவதில்லை. ஆனால் எரிப்பது ஒரு நாடு, வெட்டுவது இன்னொரு நாடு என்றால் பாரம் வெட்டிய நாட்டுக்கு. அங்கே கணக்கு ஓட்டையாக இருந்தால் அந்த உமிழ்வு எங்கும் பதிவாகாது.

கே: காட்டுத்தீ?

ப: மனித நிர்வாகத்தில் உள்ள நிலத்தில் நடப்பது எல்லாம் மனிதக் கணக்கு என்பது பொது விதி. கனடா பெருந்தீயின் உமிழ்வைத் தனியே பிரித்துக் காட்டுகிறது. அப்படிச் செய்தால் எரிந்த காடு மீண்டும் துளிர்க்கும்போது வரும் ஈர்ப்பையும் பிரித்தே வைக்க வேண்டும். நட்டத்தை விட்டு லாபத்தை மட்டும் சேர்ப்பது நியாயமில்லை.

கே: நெல்வயல் மீத்தேன் இதில் வருமா?

ப: வராது, அது வேளாண்மைக் கணக்கு. வைக்கோல் எரிப்பதும் அங்கேதான்: மீத்தேனும் நைட்ரஸ் ஆக்சைடும் மட்டும்.