வாசகர் கேள்வி-பதில்: மில்ட்ரெட் பர்க் தோற்றாரா?

சென்ற இதழில் ஒரு கேள்விக்கு விடை எழுதுகையில், 1930களிலேயே ஆண்களோடு மோதிக் காட்டிய அமெரிக்க மல்யுத்த வீராங்கனை மில்ட்ரெட் பர்க்கை ஒரே வரியில் குறிப்பிட்டுவிட்டு நகர்ந்துவிட்டேன். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு வந்த கடிதங்களே இம்முறை மிகுதி. ஆகவே இந்த இதழின் பகுதியை அவற்றுக்கே ஒதுக்குகிறேன்.

கேள்வி: அமெரிக்கத் தொழில்முறை மல்யுத்தத்தில் யார் வெல்வது என்பதை முன்கூட்டியே பேசி முடித்துவிடுகிறார்கள். அப்படியிருக்க அதில் ஒருவரைச் "சாம்பியன்" என்றும் "முன்னோடி" என்றும் எழுதுவது, கூத்தில் ராஜா வேடம் கட்டியவரை அரசர் என்று சொல்வதைப் போல் இல்லையா? (ஒரு வாசகர், திண்டுக்கல்)

உங்கள் உவமை நன்றாக இருக்கிறது. பாதியளவுக்குச் சரியாகவும் இருக்கிறது. அத்தொழிலில் இருப்பவர்கள் பேசிவைத்து ஆடும் போட்டியை "வொர்க்" என்றும், பேசிவைக்காமல் உண்மையாகவே மோதுவதை "ஷூட்" என்றும் சொல்வார்கள். பர்க் ஆடியவற்றுள் பெரும்பாலானவை முதல் வகையைச் சேர்ந்தவைதாம். ஆனால் அவர் தொழிலைக் கற்ற இடம் வேறு.

கான்சஸ் மாநிலத்தின் காஃபிவில் என்ற ஊரில் 1915இல் பிறந்த அவருடைய இயற்பெயர் மில்ட்ரெட் பிளிஸ். இளம் வயதிலேயே மணமாகி, கைக்குழந்தையோடு கான்சஸ் சிட்டியில் தம் தாயார் நடத்திய உணவகத்தில் பரிமாறிக்கொண்டிருந்தபோது, பில்லி வுல்ஃப் என்ற மல்யுத்தக்காரரைச் சந்தித்துத் தமக்கும் கற்றுத்தருமாறு கேட்டார். அவரைத் தட்டிக்கழிக்க நினைத்த வுல்ஃப், இந்தப் பெண்ணைத் தூக்கித் தரையில் போட்டுவிடு என்று ஓர் ஆணை ஏவிவிட, போட்டவர் பர்க், விழுந்தவர் அந்த ஆள் என்பது அவரே பிற்காலத்தில் சொல்லிவந்த கதை. கதையில் கொஞ்சம் மெருகு ஏறியிருக்கலாம். அதற்குப் பின் நடந்தவற்றுக்கோ ஊரெல்லாம் சாட்சி உண்டு. ஊர் ஊராகச் செல்லும் கார்னிவல் கூடாரங்களில், தம் எடையைவிட ஏறத்தாழ 20 பவுண்டுக்கு மேல் மிகாத எந்த ஆணும் பத்து நிமிடத்துக்குள் தம் தோள்களைத் தரையில் அழுத்தி வென்றால் 25 டாலர் தருவதாக அவர் சவால் விட்டார். அது பெருமந்தக் காலம். ஒரு தொழிலாளிக்கு 25 டாலர் பெருந்தொகையாக இருந்த அந்நாளில், பார்வையாளர் கூட்டத்திலிருந்து மேடையேறும் உழவரோடும் சுரங்கத் தொழிலாளியோடும் எதையும் பேசிவைத்துக்கொள்ள முடியாது. அங்கே தோற்றால் பணம் போகும். பிடியில் தவறினால் எலும்பு போகும். இருநூறுக்கும் மேற்பட்ட ஆண்களோடு மோதி ஒருவரிடம் மட்டுமே தோற்றதாக அவர் கணக்குச் சொல்வதுண்டு. ஐந்தடி இரண்டு அங்குல உயரமே உள்ள ஒரு பெண் அந்தக் கூடாரங்களில் பிழைத்து வந்தார் என்றால், கைத்திறம் இல்லாமல் அது நடந்திருக்காது.

1937இல் கிளாரா மார்ட்டென்சனை வென்று உலகப் பட்டத்தைப் பெற்ற பிறகு, பர்க்கின் ஆட்டங்கள் பேசிவைத்தவையாக மாறின. அப்போதும் அந்தத் திறம் வீணாகவில்லை. எதிரில் நிற்பவர் பேச்சை மீறி உண்மையாகவே வீழ்த்த முயன்றால் என்ன செய்வது என்ற அச்சம் அத்தொழிலில் எப்போதும் உண்டு. அதனால்தான் பட்டத்தை உண்மையான சண்டையிலும் காத்துக்கொள்ளக்கூடியவரிடமே கொடுத்துவைப்பார்கள். கூத்து ராஜா களத்தில் உண்மையாகவே வாள் வீசத் தெரிந்தவராகவும் இருக்க வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

கேள்வி: எல்லாம் நடிப்புதானே, யாருக்கும் அடி படாது என்று என் கணவர் அடித்துச் சொல்கிறார். உண்மையா? (ஒரு வாசகி, சேலம்)

1951 ஜூலையில் ஒஹாயோ மாநிலத்தின் ஈஸ்ட் லிவர்பூல் நகரில் மேடையேறிய ஜேனட் வுல்ஃப் என்ற 18 வயதுப் பெண், தலைவலிக்கிறது என்று சொல்லிக்கொண்டே ஆடி, மயங்கி விழுந்து இறந்துபோனார். அவர் பில்லி வுல்ஃபின் வளர்ப்பு மகள். அன்று எதிரே ஆடிய எல்லா வால்டெக் என்ற வீராங்கனையின் மீது குற்றமில்லை என்று முடிவான பின்னும், கொலைகாரி என்ற கூச்சல் பார்வையாளர் பகுதியிலிருந்து அவரைத் தொடர்ந்தது. உங்கள் கணவரிடம் இதைப் படித்துக் காட்டுங்கள்.

கேள்வி: மில்ட்ரெட் பர்க் தம் பட்டத்தை யாரிடம் இழந்தார்? சில இடங்களில் 1954இல் தோற்றார் என்றும், சில இடங்களில் தோல்வியே காணாதவர் என்றும் படித்தேன். (ஒரு வாசகர், கோயம்புத்தூர்)

நீங்கள் படித்த இரண்டுமே ஒரே இரவைப் பற்றியவை. அந்த இரவைப் புரிந்துகொள்ள, அதற்கு முந்தைய குடும்பக் கதையைச் சற்றே சொல்ல வேண்டும்.

பர்க் தம் ஆசான் வுல்ஃபையே மணந்துகொண்டார். வெள்ளை அங்கியும் வைர நகைகளுமாக மேடைக்கு வரும் மனைவியின் புகழை முதலாக வைத்து, வுல்ஃப் ஒஹாயோவின் கொலம்பஸ் நகரில் பெண் மல்யுத்தத்துக்கு ஏறத்தாழ ஏகபோகமே நடத்தினார். எந்த ஊரில் எந்தப் பெண் யாரோடு ஆடுவது, யார் வெல்வது, வருமானத்தில் யாருக்கு எவ்வளவு என்பவையெல்லாம் அவர் கையில் இருந்தன. தம்மிடம் பயிற்சிக்கு வந்த பெண்களோடு அவர் கொண்டிருந்த உறவுகள் ஊரறிந்தவை. 1952இல் மணமுறிவு ஏற்பட்டது. பெண் மல்யுத்தத் தொழிலைப் பர்க்கிடம் விட்டு விலகிக்கொள்வதாக ஒப்புக்கொண்ட வுல்ஃப், சொன்ன சொல்லைக் காக்கவில்லை. 1948இல் உருவாகி நாடெங்கும் பந்தயங்களைத் தன் பிடியில் வைத்திருந்த நேஷனல் ரெஸ்லிங் அலையன்ஸ் என்ற ஏற்பாட்டாளர் கூட்டமைப்பில் பெண்களுக்கு இடமில்லை. ஆகவே வுல்ஃப் தம் பழைய கூட்டாளிகளிடம் பேசிக்கொள்ள முடிந்தது. இருபது ஆண்டுகளாக அவர்களுடைய அரங்குகளை நிரப்பிய பெண்ணோ கதவுக்கு வெளியே நின்றார்.

1954 ஆகஸ்ட் 20 அன்று அட்லாண்டாவில், பட்டத்துக்கு உரிமை கோரிய ஜூன் பையர்ஸோடு பர்க் மோதினார். டெக்சஸ் மாநிலத்தின் ஹூஸ்டனைச் சேர்ந்த பையர்ஸ் அப்போது வுல்ஃபின் மருமகள். மூன்றில் இரண்டு சுற்றுகளை வெல்பவருக்கே வெற்றி என்பது விதி. ஆட்டம் வழக்கம்போல் பேசிவைத்ததாக இல்லாமல் ஷூட்டாக நடந்தது. முதல் சுற்று பையர்ஸுக்குப் போயிற்று. முழங்கால் நழுவிய வலியில், அந்தச் சுற்றை விட்டுக்கொடுத்து அடுத்ததில் பார்த்துக்கொள்ளலாம் என்று தாம் நினைத்ததாகப் பர்க் சொன்னார். இரண்டாம் சுற்றில் இருவராலும் ஒருவரையொருவர் அமுக்க முடியவில்லை. நேரம் நீண்டுகொண்டே போக, அதிகாரிகள் ஆட்டத்தை நிறுத்திவிட்டார்கள்.

இரண்டு சுற்றுகளை யாருமே வெல்லாத நிலையில் பட்டம் தம்மிடமே இருக்கிறது என்று நம்பிக்கொண்டு பர்க் மேடையை விட்டு இறங்கினார். பையர்ஸே சாம்பியன் என்று செய்தி பரவிற்று. ஏற்பாட்டாளர்களும் அதையே ஏற்றுக்கொண்டார்கள். விதிப்படி பார்த்தால் பர்க் தோற்கவில்லை என்பதே என் கருத்து. ஆனால் பேசிவைத்தபடியே பட்டங்கள் கைமாறிய ஒரு தொழிலில், அபூர்வமாக நடந்த உண்மையான போட்டி ஒன்றின் முடிவையும் மேடைக்கு வெளியே இருந்தவர்களே எழுதிக்கொண்டார்கள். பையர்ஸைக் குறைத்துச் சொல்வதும் நியாயமாகாது. அன்றைய பர்க்கை ஒரு சுற்றிலேனும் உண்மையாக அமுக்கிய வலிமையை யாரும் அவருக்கு இரவல் தரவில்லை.

கேள்வி: அந்தக் காலத்தில் கறுப்பினப் பெண்கள் இதில் இருந்தார்களா? (ஒரு வாசகி, மதுரை)

இருந்தார்கள். 1950களின் தொடக்கத்தில் பேப்ஸ் விங்கோ, எத்தெல் ஜான்சன், மார்வா ஸ்காட் ஆகிய மூவர் வுல்ஃபிடம் பயிற்சி பெற்று மேடையேறினர். மேடைப் பெயர்கள் வேறு வேறாக இருப்பதால் தெரியாது, மூவரும் உடன்பிறந்தவர்கள். இனப்பிரிவினைச் சட்டங்கள் நடப்பில் இருந்த தென் மாநிலங்களிலும் அவர்கள் ஆடினார்கள். வெள்ளையர் விடுதிகளில் இரவு தங்க இடம் கிடையாது. வழியில் எந்த உணவகத்திலும் நுழைந்து சாப்பிட்டுவிட முடியாது. அப்படிப்பட்ட நெடுஞ்சாலைகளில் ஊர்விட்டு ஊர் சென்று, மறுநாள் மேடையில் துள்ளி எழுந்து இரு கால்களாலும் உதைக்க வேண்டும். எத்தெல் ஜான்சன் 2018இல் இறந்த பிறகு, 2021இல்தான் டபிள்யூ.டபிள்யூ.இ. என்ற அமெரிக்க மல்யுத்த நிறுவனத்தின் புகழ்க்கூடத்தில் அவர் பெயர் சேர்ந்தது. உயிரோடு இருந்தபோது அந்த மரியாதையைச் செய்ய அவர்களுக்கு நேரம் கிடைக்கவில்லை போலும்.

கேள்வி: ஃபேபுலஸ் மூலா 28 ஆண்டுகள் சாம்பியனாக இருந்தாராமே? (ஒரு வாசகர், திருநெல்வேலி)

அது டபிள்யூ.டபிள்யூ.இ. நிறுவனம் சொல்லும் கணக்கு. தென் கரோலினாவைச் சேர்ந்த லிலியன் எலிசன் என்ற மூலா, 1956 செப்டம்பர் 18 அன்று பால்டிமோர் நகரில் 13 பெண்கள் ஒரே நேரத்தில் மோதிய பேட்டில் ராயலில், கடைசியாக ஜூடி கிரேபிளை வீழ்த்திப் பட்டம் பெற்றார். 1984 ஜூலையில் வென்டி ரிக்டரிடம் இழந்தார். இடையே 1966இல் பெட்டி பூச்சரிடமும், 1968இல் ஜப்பானில் யுகிகோ தொமோயேவிடமும், பின்னர் வேறு சிலரிடமும் தோற்றுத் திரும்பப் பெற்றதை அந்தக் கணக்கு விழுங்கிவிடுகிறது. "மூலா" என்பது அமெரிக்கக் கொச்சையில் காசைக் குறிக்கும் சொல். எதற்காக மல்யுத்தம் செய்கிறாய் என்று கேட்ட ஏற்பாட்டாளரிடம் "காசுக்காக" என்று அவர் சொன்ன பதிலே பெயராயிற்று என்பார்கள்.

பெண் மல்யுத்தத்துக்கு நியூயார்க் மாநிலத்தில் இருந்த தடை 1972இல்தான் நீங்கியது. அவ்வாண்டு ஜூலை 1 அன்று மேடிசன் ஸ்கொயர் கார்டன் அரங்கில் ஆடியவர் மூலாதான். அந்தப் பெருமை அவருக்கு உரியது. மறுபக்கமும் உண்டு. தென் கரோலினாவில் அவர் நடத்திய பயிற்சிப் பள்ளியிலிருந்து வந்த பெண்கள் பலர், தங்கள் வருமானத்தில் பெரும்பங்கை அவரே எடுத்துக்கொண்டார் என்றும், அதைவிடக் கொடியவற்றையும் பின்னாளில் சொன்னார்கள். 2018இல் ஒரு போட்டிக்கு அவர் பெயரைச் சூட்டுவதாக டபிள்யூ.டபிள்யூ.இ. அறிவித்தபோது எழுந்த எதிர்ப்பில், சில நாட்களிலேயே பெயரை நீக்கிவிட்டார்கள். வுல்ஃப் இருந்த நாற்காலியில் ஒரு பெண் வந்து அமர்ந்தார். அங்கிருந்து கணக்கு எழுதும் முறை மட்டும் மாறவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

கேள்வி: சிறுவயதில் தொலைக்காட்சியில் ஒரு பாட்டியை மேசையோடு சேர்த்துப் போட்டு உடைப்பதைப் பார்த்துப் பயந்திருக்கிறேன். அவர் யார்? (ஒரு வாசகி, திருச்சி)

மே யங். ஓக்லஹோமாவின் சேண்ட் ஸ்பிரிங்ஸில் 1923இல் பிறந்து, பள்ளியில் ஆண் பிள்ளைகளின் மல்யுத்த அணியில் பயின்றவர். நீங்கள் பார்த்தது 2000ஆம் ஆண்டில்; அப்போது அவருக்கு வயது 77. அவரைக் கேலிப்பொருளாக்கிய காட்சிகளை நான் ரசித்ததில்லை. அவரோ அடி சரியாக விழவில்லையென்றால்தான் கோபித்துக்கொள்வாராம். 2010இல், 87 வயதிலும் ஒருமுறை மேடையேறினார். 2014இல் மறைந்தார்.

கேள்வி: அட்லாண்டாவுக்குப் பிறகு பர்க் என்ன ஆனார்? (ஒரு வாசகர், புதுச்சேரி)

அமெரிக்க அரங்குகள் கைவிட்டதும், வேர்ல்டு விமன்ஸ் ரெஸ்லிங் அசோசியேஷன் (சுருக்கமாக டபிள்யூ.டபிள்யூ.டபிள்யூ.ஏ.) என்ற சொந்த அமைப்பைத் தொடங்கி, தம்மையே அதன் சாம்பியனாக அறிவித்துக்கொண்டார். அதே 1954 நவம்பரில் மே யங் உள்ளிட்ட சிலரை அழைத்துக்கொண்டு ஜப்பான் சென்று ஆடினார். பின்னர் கலிபோர்னியாவில் பெண்களுக்குப் பயிற்சி அளித்து வாழ்ந்து, 1989இல் காலமானார்.

ஜப்பானில் 1968இல் தொடங்கப்பட்ட ஆல் ஜப்பான் விமன்ஸ் என்ற பெண் மல்யுத்த நிறுவனம், பர்க்கின் அமைப்புக்குரிய பட்டத்தையே 1970 முதல் தன் முதன்மைப் பட்டமாக வைத்துக்கொண்டது. 1980களில் பள்ளி மாணவிகள் அரங்கு கொள்ளாமல் திரண்டு கூவிய போட்டிகளிலும், அதன் பிறகு 2005இல் அந்த நிறுவனம் மூடப்படும் வரையிலும், வென்ற பெண்ணின் இடுப்பில் கட்டிய சிவப்புப் பட்டைக்கு "டபிள்யூ.டபிள்யூ.டபிள்யூ.ஏ." என்று பர்க் வைத்த பெயரே நிலைத்திருந்தது.